ஓங்கு மன்னர் நின்ற பாலம்

நெட்டவேலம்பாளையத்தில் ஆறு சிவப்பாக ஓடிக்கொண்டிருந்த ஒரு திங்கட்கிழமைக் காலையில், ஒன்பது ஆள் உயரமுள்ள ஒருவர் தண்ணீருக்குள்ளிருந்து எழுந்து பழைய பாலத்தின் பக்கத்தில் நின்றார். ஆறு சிவப்பாக ஓடியதற்கு அவர் காரணமில்லை. அந்த வாரம் ஊரில் சிவப்புப் பனியனுக்கு ஆர்டர், போன வாரம் நீலம், அதற்கு முந்தின வாரம் இன்னதென்று சொல்ல முடியாத ஒரு பச்சை. அவர் கட்டியிருந்த வெள்ளைத் துணியில் மட்டும் ஒரு பொட்டுச் சாயம்கூட ஒட்டவில்லை என்பதைத்தான் பாலத்தில் போன சாயப்பட்டறைக்காரர்கள் முதலில் கவனித்தார்கள், கவனித்துவிட்டு, இது என்ன துணி, யார் கொள்முதல் என்று விசாரித்துக்கொண்டே வேலைக்குப் போனார்கள். பாலத்தின் கைப்பிடிச் சுவர் அவருடைய முழங்காலுக்கு வந்தது. தலைமுடியை நடுவகிடு எடுத்து வாரியிருந்தார்.

பாலத்தைக் கடந்த ஒவ்வொருவரிடமும் அவர் மூன்று கேள்வி கேட்டார். குனியவில்லை, குரலை உயர்த்தவில்லை. டவுன் பஸ்ஸில் எழுபது பேர் இருந்தால் எழுபது பேர் காதிலும் தனித்தனியாக, பக்கத்து சீட்டுக்காரர் கேட்கிற மாதிரி கேட்டது.

"யாரு நீங்க? யாரு வீட்டு ஆளு? எதுக்காக இந்தப் பாடு படறீங்க?"

இந்த ஊரில் புதிதாகப் பார்க்கிற யாரும் யாரிடமும் கேட்கிற கேள்விதான் என்பதால் யாருக்கும் அதில் விசேஷம் தெரியவில்லை. எல்லோரும் வாயில் வந்ததைச் சொல்லிவிட்டுக் கடந்து போனார்கள். சொன்னது பொழுது சாயும்வரை அவர்கள்மேல் ஒட்டிக்கொள்ளும் என்பது தெரிய இரண்டு நாள் ஆயிற்று. "நான் அண்ணன் ஆளுங்க, அண்ணனுக்காகத்தான் பாடுபடறேன்" என்று சொன்ன கட்சிக்காரர் ஒருவர், கவுன்சிலர் அண்ணன் குளிக்கப் போனபோதும் கூடவே போய்த் துண்டோடு நின்றார், போகச் சொன்னாலும் கால் நகரவில்லை. "சும்மாதான்" என்று சொன்ன கல்லூரிப் பையன் சாயங்காலம்வரை கைப்பிடிச் சுவரில் சும்மா உட்கார்ந்திருந்தான், பசித்தும் எழ முடியவில்லை. நான் யாருக்கும் ஆள் இல்லை என்று மீசையை முறுக்கிச் சொன்ன ஒரு லாரி டிரைவரை அன்று முழுக்க யாருக்கும் அடையாளம் தெரியவில்லை. கிளீனர் அவரை வண்டியில் ஏற்றவில்லை, பெண்டாட்டி கதவைப் பாதி திறந்து, அவர் வீட்டில் இல்லைங்க, அப்புறம் வாங்க என்று சொல்லிச் சாத்தினாள்.

ஊர் மெல்ல மெல்ல அவருக்குப் பழகிக்கொண்டது. அவருடைய இடது கால் பதினாலாவது வார்டிலும் வலது கால் பதினைந்தாவது வார்டிலும் இருந்ததால் அவரை எந்த வார்டில் சேர்ப்பது என்று நகராட்சியில் நான்கு கூட்டம் நடந்தது. வாக்காளர் பட்டியல்காரர்கள் ஏணி வைத்து வயது கேட்டார்கள். ஆதார் எடுக்க வந்த பெண், அவருடைய சுண்டுவிரல் நகம் மட்டுமே இயந்திரத்தைவிடப் பெரிதாக இருப்பதாக எழுதிக் கொடுத்துவிட்டுப் போனாள். பாலத்தின் இரு முனையிலும் பதில் எழுதித் தருகிறவர்கள் பெஞ்சு போட்டு உட்கார்ந்தார்கள். பரீட்சைக்குப் போகிற பிள்ளைகளுக்கு ஒரு பதில், பெண் பார்க்கப் போகிறவர்களுக்கு ஒரு பதில், சண்டைக்குப் போகிறவர்களுக்கு ஒரு பதில்.

அவர் யாரென்று சொன்னவர் பெஸ்தன்ஜி. பனியன் மெஷினுக்கு ஊசி விற்க நாற்பது வருஷத்துக்கு முன்னால் பம்பாயிலிருந்து வந்து, ஊரிலேயே தங்கிப்போன ஒற்றைப் பார்சிக்காரர். ஊர் அவரை ஊசி சேட்டு என்று கூப்பிட்டது. நகராட்சி ஆணையர் ஆள் அனுப்பிக் கூப்பிட்டுக் கேட்டபோது அவர் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னார்: "வோஹு மனா. எங்க சாமிக்குப் பக்கத்துல நிக்கற அறிவுங்க அவரு. நல்ல மனசுன்னு அர்த்தம். ஆடு மாட்டுக்கும் அவருதானுங்க காவல். எங்க ஆதி குரு ஆத்துல தண்ணி மொண்டுட்டுக் கரையேறும்போது இந்த உயரத்துலதான் எதிர்ல வந்து நின்னாருங்கோ."

எழுத்தர் அதை வோகு மன்னர் என்று எழுதினார், தட்டச்சில் அது ஓகு மன்னர் ஆயிற்று, பஸ் ஸ்டாப் பலகை எழுதியவன் அதிலும் ஒரு திருத்தம் செய்து ஓங்கு மன்னர் என்று எழுதிவிட்டான். உயரத்துக்கு அது பொருத்தமாக இருந்ததால் அப்படியே நிலைத்துவிட்டது.

"உங்ககிட்ட என்ன கேட்டாரு சேட்டு? நீங்க என்ன சொன்னீங்க?" என்று ஆணையர் கேட்டார்.

பெஸ்தன்ஜி தலையைக் குனிந்துகொண்டார். "தினமும் அவரு பேரச் சொல்லித்தானுங்க கும்பிடறேன். நேர்ல வந்து யாரு நீங்கன்னு கேட்டப்போ, பெஸ்தன்ஜி, ஊசி விக்கறவன்னு சொல்லிப்போட்டேன். அன்னிக்குப் பொழுதுக்கும் ஊசியாவே வித்தேனுங்கோ."

ஒச்சம்மாள் உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து பிழைக்க வந்தவள். புருஷன் வந்த இரண்டாம் வருஷம் வேறொருத்தியோடு ஓசூர் போய்விட்டான். அவளும் பத்து வயது மகள் கனிஷ்காவும் ஆற்றுக்கு இந்தப் பக்கம் ஒரு காம்பவுண்டு வீட்டில் இருந்தார்கள், வேலைக்குப் போகிற கம்பெனி அந்தப் பக்கம் இருந்தது. ஓவர்லாக் மெஷினில் அவளைப்போல் வேகமாக ஓட்டுகிறவர்கள் அங்கே இல்லை. அவளுடைய வரிசையில் அவளோடு சேர்த்து முப்பத்திரண்டு பெண்கள், அவள்தான் அவர்களுக்கு லீடர்.

முதலாளி குழந்தைவேலு கெட்டவர் என்று யாரும் சொல்லமாட்டார்கள். தீபாவளிக்கு ஜிலேபி கொடுப்பார், கல்யாணத்துக்குக் கூப்பிட்டால் முதல் பந்திக்கே வந்துவிடுவார். அவர் காரில் ஏழு கிலோமீட்டர் சுற்றிப் புறவழிச் சாலையில் வருகிறவர், அதனால் ஓங்கு மன்னர் அவரிடம் எதுவும் கேட்டதில்லை. ஆனால் சொன்ன பதில் ஒட்டுவதை வைத்து முதலாளி ஒருநாள் கணக்குப் போட்டுப் பார்த்தார், சூப்பர்வைசர் கதிரேசனைக் கூப்பிட்டார், கதிரேசன் ஒச்சம்மாளைக் கூப்பிட்டான்.

"அக்கா, நாளையிலிருந்து பாலத்துல எல்லாரும் ஒரே மாதிரி சொல்லோணும்ங்க. நீங்கதான் பழக்கி விடோணும். இத பாருங்க: நான் கம்பெனி ஆளு. ஷிப்மெண்டுக்காகப் பாடுபடறேன். அவ்வளவுதானுங்க."

"இதைச் சொன்னா என்ன ஆகும்?"

"வேலைல மனசு நிக்கும்ங்க. வேற ஒண்ணும் இல்ல."

சரி, வேலைக்குப் போகிறபோது வேலையில் மனசு நிற்பது நல்லதுதானே என்று ஒச்சம்மாள் நினைத்தாள். வரிசையில் இருந்தவர்களை மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் உட்கார வைத்து, பள்ளிக்கூடத்தில் மனப்பாடச் செய்யுள் சொல்லிக் கொடுப்பதுபோல் சொல்லிக் கொடுத்தாள். ஒடிசாவிலிருந்து வந்து பத்து நாள் ஆகியிருந்த ஜமுனாவுக்கு அதுதான் முதல் தமிழ் வாக்கியம். அர்த்தம் தெரியாமல்தான் சொன்னாள், அவளுக்கும் அது ஒட்டியது.

அன்றிலிருந்து அந்த வரிசையில் யாரும் நிமிரவில்லை. பத்தரை மணிக்கு வைத்த டீயில் ஆடை படிந்து, பதினொரு மணிக்கு ஈ விழுந்து, அப்படியே திரும்பிப் போயிற்று. ஒன்றுக்குப் போக வேண்டும் என்று தோன்றினாலும் கால் பெடலை விடாது. சாயங்காலம் ஆறு மணி சுமாருக்குச் சூரியன் இறங்கியதும் முப்பத்திரண்டு பேரும் ஒரே நேரத்தில் மூச்சு விட்டு எழுந்து கழிப்பறைக்கு ஓடுவார்கள், அந்தச் சத்தம் தெருவுக்கே கேட்கும். முதலாளி இன்னொரு ஆர்டர் எடுத்தார், எல்லோருக்கும் ஆளுக்கொரு எவர்சில்வர் டிபன் பாக்ஸ் கொடுத்தார். சாப்பிட நேரமில்லாமல் போன பிறகு கிடைத்த டிபன் பாக்ஸை வீட்டில் வைத்து எல்லோரும் பத்திரமாகப் பார்த்துக்கொண்டார்கள். இப்படி மூன்று மாதம் போயிற்று, பக்கத்துக் கம்பெனிகளும் இதே வசனத்தைப் பிடித்துக்கொண்டன, காலையில் பாலம் முழுக்க ஒரே பஜனை மாதிரி கேட்கும். ஓங்கு மன்னர் ஒவ்வொரு பதிலுக்கும் "சரி" என்று மட்டும் சொன்னார். அந்தச் சரி நாளுக்கு நாள் மெலிந்துகொண்டே வந்தது.

கார்த்திகை மாதத்தில் ஒரு வியாழக்கிழமை, பதினொன்றரை மணிக்கு வாட்ச்மேன் உள்ளே ஓடிவந்தார். "ஒச்சம்மா, பள்ளிக்கூடத்துலேர்ந்து போன். உம் புள்ள கயிறு தாண்டும்போது விழுந்து கை முறிஞ்சு போச்சாம். சீக்கிரம் போம்மா."

எழுந்துவிட்டதாகத்தான் ஒச்சம்மாள் நினைத்தாள். குனிந்து பார்த்தால் வலது கால் பெடலில் இருந்தது, இடது கை துணியைத் தள்ளிக்கொண்டிருந்தது, ஊசி ஓடிக்கொண்டிருந்தது. அவள் கையை இழுத்தாள், கை வரவில்லை. "கதிரேசா, மெயினை அணைடா" என்று கத்தினாள். கதிரேசன் ஓடிப்போய் மெயின் சுவிட்சில் கை வைத்தான், வைத்த கை கீழே இறங்கவில்லை, அவனும் காலையில் பாலத்தில் அதையேதான் சொல்லியிருந்தான். "முடியலக்கா, முடியலக்கா" என்று சுவிட்சைப் பிடித்துக்கொண்டே அழுதான். பக்கத்து மெஷின்களில் இருந்தவர்கள் தலையைத் திருப்பாமல் அழுதார்கள், ஜமுனா அவள் மொழியில் ஏதோ சாமியைக் கூப்பிட்டாள். பதினொன்றரையிலிருந்து ஆறு மணிவரை ஒச்சம்மாள் அறுநூற்றுச் சொச்சம் தோள்பட்டை அடித்தாள். ஒரு தையல்கூடக் கோணவில்லை.

ஆறு மணிக்குக் கால் விட்டது. அவள் செருப்பில்லாமல் அரசு ஆஸ்பத்திரிக்கு ஓடினாள். வாசலில் ஒரு நர்ஸ் நோட்டை வைத்துக்கொண்டு, "கை முறிஞ்ச பாப்பாவா? நீங்க அதுக்கு யாரு?" என்று கேட்டாள். ஒச்சம்மாளின் வாயில் முதலில் வந்தது நான் கம்பெனி ஆளு என்பதுதான். பாதியில் நிறுத்திவிட்டாள். நர்ஸ் நிமிர்ந்து பார்த்து, எதுவும் எழுதாமல், உள்ளே போங்க என்றாள்.

கனிஷ்கா மாவுக்கட்டோடு உட்கார்ந்து பன் தின்றுகொண்டிருந்தாள். பக்கத்தில் பெஸ்தன்ஜி, அவருடைய கடை பள்ளிக்கூடத்துக்கு எதிரில் இருந்ததால் அவர்தான் டீச்சரோடு சேர்ந்து ஆட்டோவில் தூக்கி வந்திருந்தார்.

"அம்மா, உனக்கு வேலைன்னு டீச்சர் சொன்னாங்க. பரவால்லம்மா" என்றாள் கனிஷ்கா.

திட்டியிருந்தால் தாங்கியிருப்பாள். அந்தப் பரவாயில்லையைத் தாங்க முடியாமல் ஒச்சம்மாள் வராந்தாவுக்கு வந்து சுவரில் சாய்ந்து உட்கார்ந்தாள். பெஸ்தன்ஜி பின்னாலேயே வந்தார்.

"உங்க சாமி ஏன் இப்படிப் பண்ணுது சேட்டு? நல்ல மனசுன்னு சொன்னீகளே."

"அவரு ஒண்ணும் பண்ணலைங்கோ அம்மிணி. கேக்கறாரு, அவ்வளவுதான்." தொப்பியைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு விரல்விட்டு எண்ணினார். "நாங்க மூணு சொல்லுவோம். மொதல்ல நல்ல நெனப்பு, அப்புறம் நல்ல பேச்சு, அப்புறம் நல்ல செய்கை. இந்த ஊரு ரெண்டாவதுல ஆரம்பிச்சுட்டுது. அவரு மொதலாவதுங்க. நானும்தான் அவரைத் தாண்டிப் போயிட்டேன்."

வெள்ளிக்கிழமை காலையில் ஒச்சம்மாள் மகளைப் பக்கத்து வீட்டில் விட்டுவிட்டு எப்போதும்போல் பாலத்துக்கு வந்தாள். பாதிப் பாலத்தில் கேள்வி காதருகே வந்தது. யாரு நீங்க? யாரு வீட்டு ஆளு? எதுக்காக இந்தப் பாடு படறீங்க?

"இருங்க," என்றாள் ஒச்சம்மாள். "யோசிக்கிறேன்."

அவர் வந்து ஒன்பது மாதத்தில் இப்படி யாரும் சொன்னதில்லை. ஓங்கு மன்னர் மற்ற எல்லோரிடமும் கேட்பதை நிறுத்திவிட்டு, இரண்டு கையையும் கைப்பிடிச் சுவரில் ஊன்றி, அவளையே பார்த்துக்கொண்டு நின்றார். கேட்கப்படாமல் யாராலும் பாலத்தின் பாதியைத் தாண்ட முடியாது. அதனால் அவளுக்குப் பின்னால் வந்தவர்கள் நின்றார்கள், அவர்களுக்குப் பின்னால் மொபெட்டுகள், அவற்றுக்குப் பின்னால் டெம்போ, டவுன் பஸ், பால் வண்டி, கல்யாணத்துக்குப் போகிற வேன், பந்தல் சாமான் ஏற்றிய மாட்டு வண்டி என்று ஒன்பதரை மணிக்கு வரிசை கடைவீதியைத் தாண்டியது. ஹாரன் அடித்தார்கள். இன்ஸ்பெக்டர் கூட்டத்தில் நீந்தி வந்தார்.

"ஏம்மா, ஏதாச்சும் ஒண்ணைச் சொல்லிட்டுப் போம்மா. ஊரே நிக்குது."

"ஏதாச்சும் ஒண்ணைச் சொல்லித்தான்யா இப்படி ஆச்சு," என்றாள் ஒச்சம்மாள்.

கதிரேசன் வந்தான். "அக்கா, நமக்குத் தெரிஞ்ச வசனம்தானுங்களே."

"நீ சொல்லேன் பாப்போம்."

கதிரேசன் வாயைத் திறந்தான். முந்தின நாள் சுவிட்சில் இருந்த கையைப் பார்த்துக்கொண்டான். "நானும் கொஞ்சம் யோசிக்கறேனுங்கக்கா" என்று அவளுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டான். இது பின்னால் பரவியது. நாலு பேர் யோசித்தார்கள், நாற்பது பேர் யோசித்தார்கள். ஹாரன் ஒவ்வொன்றாக அடங்கி, பதினொரு மணிக்கு நெட்டவேலம்பாளையத்தில் ஆற்றின் சத்தம் கேட்டது. அப்படி ஒரு சத்தம் இருப்பதே பலருக்கு அன்றுதான் தெரிந்தது. பதில் எழுதித் தருகிறவர்கள் பேனாவை மூடினார்கள். மெஷின்கள் ஓடாத அமைதியைக் கேட்டுப் பயந்து குழந்தைவேலு புறவழிச் சாலையில் காரைப் போட்டுவிட்டு அந்தப் பக்கத்திலிருந்து நடந்து வந்து, பாலத்தின் பாதிவரை வந்தவர் பாதியில் நின்றுவிட்டார்.

"ஒச்சம்மா, என்ன வேணுங்கறே, சொல்லு. செஞ்சுடலாம்" என்றார் எதிரில் நின்று.

"கொஞ்சம் சும்மா இருங்க மொதலாளி. நெனப்பு கலையுது."

அவளுக்கு என்ன நினைப்பு ஓடியது என்று பின்னால் பலர் பலவிதமாகச் சொன்னார்கள். அவள் சொன்னது இவ்வளவுதான்: யாரு வீட்டு ஆளு என்று யோசித்தபோது, புருஷன் வீட்டையும் அப்பன் வீட்டையும் கம்பெனியையும் ஒவ்வொன்றாக எடுத்துக் கீழே வைத்தேன், வைக்க வைக்க உடம்பு லேசாகிக்கொண்டே வந்தது, கடைசியில் கேட்கிறவர் ஒருத்தர்தான் மிச்சமிருந்தார், அவரை நிமிர்ந்து பார்த்தேன், இத்தனை நாள் தண்ணியிலேயே நின்று கால் எப்படி ஊறிப்போயிருக்கும் என்று தோன்றிவிட்டது.

அதனால் அவள் கேட்டாள். "நான் சொல்றது கெடக்கட்டும். நீங்க யாரு? யாரு வீட்டு ஆளு? எதுக்காக இந்தப் பாடு படுறீக?"

ஓங்கு மன்னர் கைப்பிடிச் சுவரிலிருந்து கையை எடுத்தார். வகிட்டைத் தடவிக்கொண்டார். ஊரை ஒரு சுற்றுப் பார்த்தார். போஸ்டர் தின்றுகொண்டிருந்த மாடுகளை, பஸ் ஸ்டாண்டில் படுத்திருந்த மாடுகளை, சாயத் தண்ணியில் வாய் வைக்கப் போய்த் தும்மிய கன்றுக்குட்டியை. பிறகு, தொலைத்ததைக் கண்டுபிடித்தவருடைய குரலில், எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்:

"நல்ல நெனப்புன்னு பேரு. நெனைக்கறவங்க வீட்டு ஆளு. மாடு மேய்க்கத்தான் அனுப்புனாங்க. இங்க வந்து கேள்வி கேட்டுக் கேட்டு மறந்தே போச்சு."

மக்குப் பிள்ளைகளை முப்பது வருஷமாக மாடு மேய்க்கத்தான் லாயக்கு என்று திட்டிவந்த தலைமையாசிரியர் ஒருவர் கூட்டத்தில் இருந்தார், அவர் இருமினார்.

சொன்னது சொன்னவருக்கும் ஒட்டியது. ஓங்கு மன்னர் ஆற்றிலிருந்து காலை எடுத்துக் கரையில் வைத்தார், நாக்கை மடித்து ஒரு சத்தம் கொடுத்தார். ஊரிலிருந்த மாடெல்லாம் எழுந்தன, வண்டியில் பூட்டியிருந்ததும் கயிற்றை உதறிக்கொண்டு கிளம்பியது, எல்லாமாகச் சேர்ந்து ஆற்றோரமாக மேற்கே மலையைப் பார்த்துப் போயின. ஒன்பதே எட்டு எடுத்து வைத்து அவர் கண்ணுக்கு மறைந்துவிட்டார், மாடுகள் போய்ச்சேர நேரமாயிற்று. பெஸ்தன்ஜி அந்த வயதில் ஒரு பர்லாங்கு தூரம் பின்னாலேயே ஓடி, மூச்சு வாங்கி நின்று, கைகூப்பிவிட்டுத் திரும்பி வந்தார். பொழுது சாய்ந்ததும் மாடுகள் குளித்த மேனியும் நிறைந்த வயிறுமாக அவரவர் தொழுவத்துக்கு வந்துவிட்டன. மேய்த்தவர் வரவில்லை.

ஊர் ஒச்சம்மாள்மேல் கோபப்பட்டது. வந்த சாமியை வாய்க்கொழுப்பால் விரட்டிவிட்டாள் என்று நகராட்சியில் கண்டனத் தீர்மானம் போட்டார்கள். அவருடைய கால் பதிந்த இரண்டு பள்ளத்தில் எது பெரிது என்று பதினாலாவது வார்டும் பதினைந்தாவது வார்டும் அடித்துக்கொண்டன. கம்பெனியில் பெண்கள் டீ குடிக்க எழுந்தார்கள், பேசினார்கள், கழிப்பறைக்குப் போய்ப் பத்து நிமிஷம் கழித்து வந்தார்கள். குழந்தைவேலு ஒரு வாரம் பொறுத்தார். எட்டாம் நாள் காலையில் பாலத்தின் நடுவில் தெருவிளக்கு மாட்டுகிற ஏணி வண்டி ஒன்று நின்றது. அதன் உச்சித் தொட்டியில், ஐந்து ஆள் உயரத்தில், வெள்ளைத் துணியைச் சுற்றிக்கொண்டு, தலைக்கு நடுவகிடு எடுத்து, கையில் மைக்கோடு கதிரேசன் நின்றுகொண்டிருந்தான்.

"யாரு நீங்க? யாரு வீட்டு ஆளு? எதுக்காக..."

மைக் கீச்சென்றது. பழக்கதோஷத்தில் முன்னால் போன சிலர் நான் கம்பெனி ஆளு என்று முணுமுணுத்துவிட்டுப் போகவும் செய்தார்கள். ஒச்சம்மாள் தன் வரிசைப் பெண்களோடு வந்து ஏணிக்குக் கீழே நின்று அண்ணாந்து பார்த்தாள்.

"ஏண்டா கதிரேசா, யோசிக்கறேன்னு சொன்னியே, யோசிச்சு முடிச்சுட்டியா?"

"முடிக்கலீங்கக்கா," என்றது மைக். "அதுக்குள்ள ஏத்திவுட்டுட்டாங்க."

"எறங்கு, காத்து அடிக்குது, விழுந்துறப் போற."

"ஏணி டிரைவர் டீ குடிக்கப் போயிட்டாருங்கக்கா. எறங்கத் தெரியல."

பாலமே சிரித்தது. கதிரேசனும் மைக்கிலேயே சிரித்துவிட்டு, வேலை வேலைதான் என்று நினைத்தவனாகத் துணியை இழுத்துவிட்டுக்கொண்டு, "சொல்லுங்கக்கா, யாரு நீங்க?" என்றான்.

"ஒச்சம்மா. கனிஷ்காவுக்கு அம்மா. ஒம்பது மணிக்கு வேலைக்கு வந்து, அஞ்சரைக்கு வீட்டுக்குப் போறவ."

அவளுக்குப் பின்னால் முப்பத்தோரு பெண்களும் அவரவர் பேரைச் சொல்லி, அவரவர் பிள்ளை பேரையோ தங்கச்சி பேரையோ சொல்லி, ஒன்பது மணி அஞ்சரை மணி என்று சொல்லிக்கொண்டே கடந்தார்கள். ஜமுனா அதைத் தமிழிலும் சொன்னாள், சந்தேகத்துக்கு ஒருமுறை ஒடியாவிலும் சொன்னாள்.

அன்று சாயங்காலம் அஞ்சரைக்கு, வெளியே வெயில் இன்னும் இருந்தபோதே, ஒச்சம்மாள் பெடலிலிருந்து காலை எடுத்தாள், முப்பத்திரண்டு மெஷினும் நின்றன. குழந்தைவேலு கண்ணாடி அறையிலிருந்து எழுந்து வந்து பார்த்தார், கடிகாரத்தையும் ஒருமுறை பார்த்துவிட்டுத் திரும்பிப் போனார். மறுநாள் ஏணி வண்டி தெருவிளக்கு மாட்டப் போய்விட்டது, பாலத்தில் கேட்பதற்கு யாருமில்லை. அஞ்சரைக்கு மெஷின்கள் அன்றும் நின்றன.